குற்றவாளியா, நோயாளியா?
போதைப்பொருள் விவாதமும் போர்த்துக்கல் தேசத்தின் அனுபவமும்

மயக்கம் தரும் பொருள்களைத் தமிழர் நெடுங்காலமாக அறிவர். ஒளவையாரும் அதியமானும் கள்ளைப் பகிர்ந்துண்ட செய்தியைப் புறநானூறு கூறுகிறது. திருவள்ளுவரோ 'கள்ளுண்ணாமை' என ஓர் அதிகாரமே வகுத்தார். அதனை அடுத்துச் 'சூது' என்பதையும், அதனையும் அடுத்து 'மருந்து' என்பதையும் வைத்தார். மயக்கமும் மருந்தும் இவ்வளவு அண்மையில் நிற்பது சிந்திக்கத்தக்கது. இன்று உலகெங்கும் நடைபெறும் ஒரு பெரிய விவாதத்தின் உட்பொருளும் இதுவேயாகும். போதைப்பொருளுக்கு அடிமையானவனை நீதிபதியிடம் அனுப்புவதா, வைத்தியரிடம் அனுப்புவதா? அப்பொருளைச் சட்டம் தடுப்பதா, அனுமதிப்பதா?

இக்கேள்வியைக் கேட்ட மாத்திரத்திலேயே, "நஞ்சை விற்க அனுமதி கொடுப்பதா!" என்று சிலர் சினங்கொள்வர். "தடை செய்து கண்ட பயன் யாது?" என்று வேறு சிலர் மறுமொழி கூறுவர். சினமும் ஏளனமும் ஒரு பிரச்சினையைத் தீர்த்து வைத்ததாகச் சரித்திரம் இல்லை. ஆகவே, இரு கட்சியாரும் கூறுவன யாவை, எந்த நாடு எதனைச் செய்து பார்த்தது, அதனால் விளைந்த நன்மை தீமைகள் யாவை என்பவற்றை இங்கு ஆற அமர நோக்குவோம்.

தடைச் சட்டத்தின் வயது

போதைப்பொருள் தடை என்பது ஆதிகாலந்தொட்டு இருந்துவரும் ஏற்பாடு என்று நம்மிற் பலர் எண்ணுகின்றனர். உண்மை அதுவன்று. பத்தொன்பதாம் நூற்றாண்டில் உலகத்தின் மிகப் பெரிய அபினி வியாபாரம் பிரித்தானியக் கொடியின் நிழலிலேயே நடைபெற்றது. இந்தியாவில் விளைந்த அபினியைச் சீனாவில் விற்பதற்கு இருந்த தடையை எதிர்த்துப் பிரித்தானியா 1839ஆம் ஆண்டிலும் 1856ஆம் ஆண்டிலும் சீனாவோடு யுத்தம் தொடுத்தது. இன்று பெயரைக் கேட்டவுடன் நாம் அஞ்சுகின்ற ஹெரோயின், 1898ஆம் ஆண்டில் ஜெர்மனியின் புகழ்பெற்ற மருந்துக் கம்பெனியாகிய பேயரால் இருமல் மருந்தாகச் சந்தைக்கு வந்தது. வைத்தியர்கள் அதனை நம்பிக் கொடுத்தனர். நோயாளிகள் நம்பி உண்டனர்.

அபினியைக் கட்டுப்படுத்தும் முதலாவது சர்வதேச உடன்படிக்கை 1912ஆம் ஆண்டில் ஒல்லாந்தின் ஹேக் நகரிற் கைச்சாத்தாயிற்று. இலங்கையில் நஞ்சுகள், அபின், அபாயகரமான ஒளடதங்கள் பற்றிய கட்டளைச் சட்டம் 1929ஆம் ஆண்டைச் சேர்ந்தது. ஐக்கிய நாடுகள் சபையின் ஆதரவில் உலக நாடுகள் ஒன்றுகூடி, பழைய உடன்படிக்கைகளையெல்லாம் ஒன்றாக்கிய ஆண்டு 1961. ஆகவே, இன்று நாம் காணும் தடை ஏறக்குறைய ஒரு நூற்றாண்டு வயதினையே உடையது. மனிதர் ஆக்கிய ஏற்பாடு ஆதலின், மனிதர் அதனைச் சீர்தூக்கிப் பார்ப்பதிற் பிழையில்லை.

மூன்று சொற்கள்

விவாதத்திற் புகுமுன் மூன்று சொற்களைப் பிரித்தறிதல் வேண்டும். மாணவர்கள் இதனைச் சிறப்பாக மனத்திற் கொள்வாராக. மேடைகளில் நிகழும் சச்சரவுகளிற் பாதி, இச்சொற்களை ஒன்றோடொன்று குழப்புவதனாலேயே உண்டாகின்றது.

முதலாவது, தடை. பொருளை ஆக்குதல், விற்றல், வைத்திருத்தல், உட்கொள்ளுதல் ஆகிய யாவும் குற்றம் என்பது இதன் பொருள். இரண்டாவது, குற்றநீக்கம். விற்பனை குற்றமாகவே இருக்கும்; ஆனால் தன் உபயோகத்துக்குச் சிறிதளவு வைத்திருப்பவனைக் குற்றவாளியாகக் கருதிச் சிறையில் இடுவதில்லை. மூன்றாவது, சட்டபூர்வமாக்கல். சாராயத்தையும் சிகரெட்டையும் போல, அரசாங்கத்தின் அனுமதி பெற்ற கடையில், வரி செலுத்தி, வயது பார்த்து விற்கலாம் என்பது இதன் கருத்து.

தென்னமெரிக்காவிலுள்ள உருகுவே, 2013ஆம் ஆண்டில் கஞ்சா சம்பந்தமாக இம்மூன்றாம் வழியைச் சட்டமாக்கிய முதல் நாடாயிற்று. கனடா 2018ஆம் ஆண்டு ஒக்டோபர் 17ஆம் திகதி முதல் அவ்வழியிற் சென்றது. ஹெரோயின், கொக்கெயின் முதலியவற்றைக் கடையில் வைத்து யாருக்கும் விற்கலாம் என்று எந்த நாடும் சட்டம் இயற்றவில்லை. இதனை மறந்துவிட்டு, "உலகமெங்கும் போதைப்பொருளை அவிழ்த்து விட்டுவிட்டார்கள்" என்று பேசுவது பொருந்தாது.

இரு கட்சியாரின் வாதங்கள்

தடையைத் தளர்த்த வேண்டும் என்போர் முதலிற் காட்டும் உதாரணம் அமெரிக்காவின் மதுவிலக்கு ஆகும். 1920ஆம் ஆண்டு ஜனவரியில் அந்நாடு மதுவை ஆக்குவதையும் விற்பதையும் அரசியலமைப்பின் மூலமே தடை செய்தது. மக்களின் தாகம் தணியவில்லை. வியாபாரம் நேர்மையான வணிகரின் கையை விட்டுக் கொள்ளைக் கூட்டத்தாரின் கைக்கு மாறியது. சிக்காகோ நகரின் அல் கப்போன் பெருஞ்செல்வனானான். அவனைச் சிறைப்படுத்த அரசாங்கத்துக்குக் கிடைத்த குற்றம் வருமான வரி ஏய்ப்பு ஒன்றே. களவாக வடித்த மதுவையும், நஞ்சு கலந்த தொழிற்சாலை மதுசாரத்தையும் குடித்துப் பலர் இறந்தனர், கண் இழந்தனர். ஈற்றில் 1933ஆம் ஆண்டு டிசம்பரில் அச்சட்டம் நீக்கப்பட்டது. "வேண்டுவோர் இருக்கும் வரை விற்போர் இருப்பர், தடை செய்தால் விலை ஏறும், விலை ஏறினால் இலாபம் ஏறும், இலாபம் ஏறினால் துப்பாக்கி எழும்" என்பது இக்கட்சியாரின் நியாயம். கள்ளச் சந்தையில் வாங்குகிறவனுக்குத் தான் உட்கொள்வது யாது, அதன் வலிமை எவ்வளவு என்பதுந் தெரியாது. அதனாலேயே பல உயிர்கள் மாய்கின்றன என்றும் அவர்கள் கூறுவர். சாராயத்தையும் புகையிலையையும் கடையில் விற்க அனுமதித்துவிட்டு, கஞ்சாவை மாத்திரம் பாவமெனக் கொள்வது என்ன நீதி என்றும் வினவுவர்.

எதிர்க்கட்சியாரின் வாதமும் இலேசானதன்று. அதே அமெரிக்க மதுவிலக்கை அவர்களும் சான்றாகக் காட்டுவர். தடை வந்த முதல் ஆண்டுகளில் மக்கள் குடித்த மதுவின் அளவு வெகுவாகக் குறைந்தது. ஈரல் சுருங்கும் நோயால் இறப்போர் தொகையும் குறைந்தது. சட்டம் தோற்றது என்று நாம் பேசும்போது, அதனாற் பிழைத்தவர்களை எண்ண மறந்துவிடுகிறோம் என்பது இவர்களது மறுப்பு. எளிதிற் கிடைக்கும் பொருளைப் பலர் நாடுவர். விலை மலிந்தால் மேலும் பலர் நாடுவர். இது சர்க்கரைக்கும் பொருந்தும், சாராயத்துக்கும் பொருந்தும். மேலும், அனுமதி பெற்ற வியாபாரம் என்பது விளம்பரம் செய்யும், புதிய வாடிக்கைக்காரரைத் தேடும். சிகரெட்டுக் கம்பெனிகள் இளைஞரை எவ்வாறு வலைவீசிப் பிடித்தன என்பதை இருபதாம் நூற்றாண்டு கண்டது. இளமையில் மூளை இன்னும் வளர்ச்சி முற்றாத நிலையில் இருப்பதால், அவ்வயதிற் பழகும் கஞ்சாவும் தீங்கு செய்யும் என்பது வைத்திய சாஸ்திரம் கூறுவது. "தன் உடல் தன் உரிமை என்று பேசுகிறீர்கள்; அடிமையானவனுக்கு உரிமை எது?" என்று இவர்கள் கேட்கும் கேள்விக்கு விடையிறுப்பது எளிதன்று.

இரு பக்கத்து வாதங்களும் வலியன. வாதங்கள் சமமாக நிற்குமிடத்தில் அனுபவமே தராசு முள்ளாக வேண்டும். அவ்வனுபவத்தைத் தரவல்ல நாடுகளுட் போர்த்துக்கல் தலையாயது.

துன்பத்தின் எல்லையில் ஒரு தேசம்

இலங்கையின் கரையோரத்தை ஒரு காலத்தில் ஆண்ட அச்சிறு நாடு, இருபதாம் நூற்றாண்டின் பெரும் பகுதியைச் சர்வாதிகார ஆட்சியின் கீழ்க் கழித்தது. வெளியுலகக் காற்று அங்கே புகாதபடி கதவுகள் அடைக்கப்பட்டிருந்தன. 1974ஆம் ஆண்டு ஏப்ரல் 25ஆம் திகதி இராணுவ வீரர்கள் துப்பாக்கிக் குழாய்களிற் செம்மலர் செருகி நிற்க, அவ்வாட்சி வீழ்ந்தது. ஆபிரிக்கக் குடியேற்ற நாடுகளிலிருந்து படைவீரரும் குடியேறியோரும் இலட்சக்கணக்கில் திரும்பி வந்தனர். கதவுகள் திறந்தன, சுதந்திரம் வந்தது, அதனோடு போதைப்பொருள்களும் வந்தன. அவற்றைப் பற்றி ஏதும் அறியாத சமுதாயம் அவற்றை எதிர்கொள்ள ஆயத்தமாக இருக்கவில்லை.

1980ஆம் ஆண்டுகளிலும் 1990ஆம் ஆண்டுகளிலும் ஹெரோயின் அந்நாட்டைச் சூறையாடியது. ஏறக்குறைய ஒரு கோடி மக்களைக் கொண்ட நாட்டில், நூற்றுக்கு ஒருவர் ஹெரோயினுக்கு அடிமைப்பட்டிருந்தனர் என்று கணக்கிடப்பட்டது. தலைநகராகிய லிஸ்பனில் கசால் வென்தோசோ என்னும் மேட்டுக் குடியிருப்பு, பட்டப்பகலிலேயே போதைப்பொருள் வாங்கி ஊசியேற்றும் சந்தையாக விளங்கிற்று. ஒருவர் உபயோகித்த ஊசியை மற்றவர் உபயோகித்ததால் எய்ட்ஸ் நோய்க் கிருமி பரவிற்று. ஏழை வீடு, செல்வர் வீடு என்ற பேதமின்றி நோய் புகுந்தது; அமைச்சர் வீட்டுக்கும் அதே கவலை, மீனவர் வீட்டுக்கும் அதே கவலை. கடுமையான சட்டம் அப்பொழுதும் இருந்தது. சிறைச்சாலைகள் நிறைந்தனவேயன்றித் தெருக்கள் வெறுமையாகவில்லை.

இந்நிலையில் 1998ஆம் ஆண்டு அரசாங்கம் ஒன்பது பேர் கொண்ட நிபுணர் குழுவொன்றை நியமித்தது. அக்காலத்திற் பிரதம மந்திரியாயிருந்தவர், பின்னர் ஐக்கிய நாடுகள் சபையின் செயலாளர் நாயகமாகிய அந்தோனியோ குத்தேரஸ் ஆவார். குழுவின் தலைவர் அலெக்சாந்திரே கின்தானில்யா ஒரு விஞ்ஞானி. தெற்குக் கரையோர மாகாணத்தில் அடிமைப்பட்டோருக்குச் சிகிச்சை செய்து அனுபவம் பெற்ற குடும்ப வைத்தியரான ஜொவாவோ குலாவோ அதன் அங்கத்தவருள் ஒருவர். அடிமைப்பட்டவன் நோயாளி, அவனைச் சிறைக்கு அனுப்புவது நோயை வளர்க்கும், ஆகவே தன் உபயோகத்துக்கு வைத்திருத்தலைக் குற்றவியலிலிருந்து நீக்கி, அதற்கு ஈடாகச் சிகிச்சையையும் தடுப்பு முயற்சியையும் புனர்வாழ்வையும் பெருக்குக என்று அவர்கள் சிபார்சு செய்தனர். பாராளுமன்றத்திற் கடும் எதிர்ப்பு எழுந்தது. உலகத்துப் போதைப் பிரியர் யாவரும் லிஸ்பனுக்கு உல்லாசப் பிரயாணம் வருவர் என்று எதிர்ப்பாளர் எச்சரித்தனர். எனினும் 2000ஆம் ஆண்டில் மசோதா நிறைவேறியது. 2001ஆம் ஆண்டு ஜூலை 1ஆம் திகதி சட்டம் நடைமுறைக்கு வந்தது.

மூவர் அமர்ந்த மேசை

அச்சட்டத்தின் நுட்பத்தை அறிந்தாலன்றி அதன் பயனை அறிய முடியாது. பத்து நாட்களுக்குப் போதுமான அளவு வரை ஒருவர் தன் உபயோகத்துக்கு வைத்திருந்தால் அது குற்றமன்று. கஞ்சாவாயின் 25 கிராம். ஹெரோயினாயின் 1 கிராம். கொக்கெயினாயின் 2 கிராம். ஆனால் 'குற்றமன்று' என்பதற்கு 'அனுமதி உண்டு' என்பது பொருளன்று. பொலிஸார் பொருளைப் பறிமுதல் செய்வர். பிடிபட்டவர் விளக்கமறியலுக்குச் செல்லமாட்டார். 72 மணித்தியாலத்துள் தமது மாவட்டத்திலுள்ள ஓர் ஆணைக்குழுவின் முன் தோன்றுதல் வேண்டும். வியாபாரிக்கும் கடத்துகிறவனுக்கும் பழைய குற்றவியற் சட்டமும் சிறையுமே காத்திருக்கின்றன.

அந்த ஆணைக்குழுவே இவ்வேற்பாட்டின் உயிர் நாடி. அது நீதிமன்றமன்று, கூண்டில்லை, காக்கி உடை இல்லை. சாதாரண அலுவலக அறையில் ஒரு மேசை. அதனைச் சுற்றி மூவர். ஒருவர் சட்டம் படித்தவர். ஏனையோர் வைத்தியம், மனோதத்துவம், சமூக சேவை போன்ற துறைகளைச் சேர்ந்தவர்கள். வந்தவர் அடிமைப்பட்டவரா, அன்றி ஆவலால் ஒரு முறை தொட்டுப் பார்த்தவரா என்பதை முதலில் ஆராய்கின்றனர். அடிமைப்படாதவர் முதன்முறை வந்தால் விசாரணையை ஒத்திவைத்து, அறிவுரை கூறி அனுப்புவர். அடிமைப்பட்டவராயின் சிகிச்சைக்கு வழிகாட்டுவர். அவர் இணங்கினால் நடவடிக்கை நிறுத்தி வைக்கப்படும். அடிமைப்பட்டவருக்கு அபராதம் விதிக்கச் சட்டம் இடங்கொடுப்பதில்லை. அபராதத்தைக் கட்டுவதற்கு அவர் களவெடுக்கக் கூடும் என்பதை அறிந்தே இவ்விதியைச் செய்தனர் போலும்!

மேசையோடு காரியம் முடிந்துவிடவில்லை. ஹெரோயினின் தவிப்பைத் தணிக்கும் மெதடோன் என்னும் மருந்தை ஏற்றிய வண்டிகள் லிஸ்பன் தெருக்களில் தினந்தோறும் சென்றன. மருந்துக் கடைகளிற் பழைய ஊசியைக் கொடுத்துப் புதிய ஊசி பெறும் திட்டம் 1993ஆம் ஆண்டு முதலே நடைபெற்று வந்தது. குணமடைந்து வருவோருக்கு வேலை கொடுக்கும் முதலாளிகளுக்கு அரசாங்கம் உதவிப் பணம் வழங்கியது. சிறைக்குச் சென்று மீண்டவன் வேலை தேடினால் கதவு மூடப்படும். இவனுக்கோ சிறைப் பதிவே இல்லை.

கண்ட பலன்

உல்லாசப் பிரயாணிகள் போதையை நாடித் திரண்டு வருவர் என்ற அச்சம் மெய்யாகவில்லை. நாட்டு மக்களிடையே உபயோகம் பெருவெள்ளமாகப் பெருகவும் இல்லை. ஊசி மூலம் எய்ட்ஸ் கிருமி தொற்றியோராகப் புதிதாக அறியப்பட்டவர் தொகை, 2001ஆம் ஆண்டளவில் ஆயிரத்துக்கு மேற்பட்டிருந்தது. இருபது ஆண்டுக்குள் அது சில பத்துக்களாகச் சுருங்கிற்று. சிறையில் இருந்தோருள் போதைப்பொருட் குற்றத்துக்காக இருந்தவர்கள் முன்னர் நூற்றுக்கு நாற்பதுக்கு மேல். பின்னர் அவ்வீதம் பாதிக்கும் கீழே இறங்கிற்று. அளவு மீறி உட்கொண்டு இறப்போர் வீதம் மேற்கு ஐரோப்பாவிலேயே மிகக் குறைந்தவற்றுள் ஒன்றாயிற்று.

ஆயினும் இக்கதைக்கு மறுபக்கமும் உண்டு. பொருளாதார நெருக்கடி வந்தபோது, 2012ஆம் ஆண்டில், இவ்வேலைகளை ஒருங்கே நடத்திவந்த தேசிய நிறுவனம் கலைக்கப்பட்டது, சிகிச்சைப் பொறுப்பு பிரதேச சுகாதார நிர்வாகங்களுக்குப் பிரித்துக் கொடுக்கப்பட்டது, பணமும் சுருங்கியது. சிகிச்சைக்குக் காத்திருக்கும் காலம் நீண்டது. பத்தாண்டு செல்வதற்குள் போர்த்தோ நகரின் சில தெருக்களில் ஊசிகள் மீண்டும் கிடந்தன, நகரவாசிகள் முறையிட்டனர். சட்டத்தில் ஓர் எழுத்தும் மாறவில்லை. மேசையின் பின்னால் நின்ற மனிதரும் பணமுமே குறைந்தன. இப்பாடத்தை நாம் ஆழப் பதித்துக்கொள்ள வேண்டும்.

அதே விதை, வேறு நிலம்

பாடத்தை இன்னும் தெளிவாக்கியது அமெரிக்காவின் ஒரிகன் மாநிலம். 2020ஆம் ஆண்டு நவம்பரில் வாக்காளர்கள், எல்லாப் போதைப்பொருள்களையும் சிறிதளவு வைத்திருத்தலைக் குற்றமன்று என ஆக்கினர். பிடிபட்டவருக்கு 100 டொலர் அபராதச் சீட்டு. ஒரு தொலைபேசி இலக்கத்துக்குப் பேசித் தம் உடல்நிலையைப் பரிசோதிப்பித்தால் அதுவும் வேண்டியதில்லை. போர்த்துக்கலைப் பார்த்தே செய்த ஏற்பாடு இது. ஆனால் அங்கே மேசை இல்லை, மூவர் இல்லை. சீட்டுப் பெற்றவர்களில் மிகச் சிலரே தொலைபேசியை எடுத்தனர். சிகிச்சை நிலையங்களுக்கு என ஒதுக்கிய பணம் தாமதித்தே போய்ச் சேர்ந்தது. அதே காலத்தில், ஹெரோயினிலும் பன்மடங்கு வலிய பென்ரனில் என்னும் பொருள் அம்மாநிலத்துட் புகுந்தது. மரணங்கள் பெருகின. அதற்குக் காரணம் புதிய சட்டமா, பென்ரனிலா என்பதில் ஆய்வாளர் வேறுபடுகின்றனர். மக்கள் அவ்விவாதம் முடியும் வரை காத்திருக்கவில்லை. 2024ஆம் ஆண்டு செப்டெம்பர் முதல் அது மீண்டும் குற்றமாயிற்று.

தாய்லாந்து 2022ஆம் ஆண்டு ஜூன் மாதம் கஞ்சாவைப் போதைப்பொருள் அட்டவணையிலிருந்து நீக்கியது. வியாபாரத்தை ஒழுங்குபடுத்தும் முழுமையான சட்டம் அதற்கு முன் இயற்றப்படவில்லை. ஆயிரக்கணக்கான கடைகள் நகரெங்கும் முளைத்தன. 2025ஆம் ஆண்டு ஜூன் மாதம் அரசாங்கம் மனம் மாறி, வைத்தியரின் சீட்டு உள்ளோருக்கே விற்கலாம் என்று விதித்தது. கதவைத் திறந்த பிறகு பூட்டைத் தேடியவன் கதை இது.

சுவிற்சர்லாந்தோ இதற்கு நேர்மாறாக அடிமேல் அடி வைத்து நடந்தது. சூரிச் நகரின் பிளாட்ஸ்பிட்ஸ் பூங்காவில் ஆயிரக்கணக்கானோர் வெளிப்படையாக ஊசியேற்றிய அவலம் 1992ஆம் ஆண்டு வரை நீடித்தது. பூங்காவை மூடியதால் மட்டும் நோய் தீரவில்லை. 1994ஆம் ஆண்டு முதல், வேறெச் சிகிச்சையாலும் மீளாதவர்களுக்கு வைத்தியசாலையிலேயே, தாதியின் கண்முன்னே, அளந்து கொடுக்கப்படும் ஹெரோயின் சிகிச்சை பரீட்சிக்கப்பட்டது. கள்ளச் சந்தையை நாட வேண்டிய அவசியம் இல்லாததால் அவர்கள் செய்த களவுகள் குறைந்தன. 2008ஆம் ஆண்டில் அந்நாட்டு மக்கள் வாக்களித்து இதனை நிரந்தரமாக்கினர். பழைமையைப் பேணும் குடியானவரும் வணிகரும் மிகுந்த நாடு அது என்பது குறிப்பிடத்தக்கது.

நமது நாட்டின் நிலை

இலங்கையில் ஹெரோயின் பரவத் தொடங்கியது 1980ஆம் ஆண்டுகளிலாகும். 1984ஆம் ஆண்டில் இரண்டு காரியங்கள் நடைபெற்றன. தேசிய அபாயகர ஒளடதங்கள் கட்டுப்பாட்டுச் சபை அமைக்கப்பட்டது. 2 கிராமும் அதற்கு மேலும் ஹெரோயின் வைத்திருந்தால் மரண தண்டனையோ ஆயுட்கால மறியலோ விதிக்கலாம் என்று சட்டம் திருத்தப்பட்டது. எனினும் 1976ஆம் ஆண்டின் பின்னர் இந்நாட்டில் எவரும் தூக்கிலிடப்படவில்லை. 2019ஆம் ஆண்டில் போதைப்பொருட் குற்றவாளிகள் நால்வரைத் தூக்கிலிட அன்றைய ஜனாதிபதி முனைந்தபோது உயர் நீதிமன்றம் அதனைத் தடுத்து நிறுத்தியது. 'ஐஸ்' எனப்படும் புதிய நஞ்சு 2022ஆம் ஆண்டின் திருத்தத்தினாற் சட்டத்தில் இடம்பெற்றது. 2023ஆம் ஆண்டு டிசம்பரில் 'யுக்திய' என்னும் பெயரிற் பெரும் பொலிஸ் நடவடிக்கை தொடங்கியது.

சிகிச்சையைச் சட்டம் மறந்துவிட்டது என்று சொல்வதற்கில்லை. அடிமைப்பட்டோரின் சிகிச்சைக்கும் புனர்வாழ்வுக்குமெனத் தனிச் சட்டம் 2007ஆம் ஆண்டில் இயற்றப்பட்டுள்ளது. ஆயுர்வேத வைத்தியர் அரசாங்க அனுமதியோடு அபினியையும் கஞ்சாவையும் மருந்திற் சேர்க்கும் வழக்கமும் உண்டு. ஆனால் இரண்டு கிராம் என்னும் கோட்டை நோக்குங்கள். தன் தவிப்புக்காக வைத்திருப்பவனையும், அடுத்தவன் பிள்ளையைக் கெடுக்க விற்பவனையும் எடை மாத்திரம் பிரித்துக் காட்டுமா? கடலுக்கு அப்பாலிருந்து படகிற் பொருளை இறக்கும் முதலாளி அகப்படுவது அரிது. தெருவோரத்தில் தள்ளாடி நிற்கும் இளைஞன் அகப்படுவது எளிது.

வடக்கிலே இக்கவலை இன்னும் கனமானது. பாக்குநீரிணை வழியாகக் கடத்தப்படும் 'கேரளக் கஞ்சா' பற்றிய செய்தி பத்திரிகைகளில் இடம்பெறாத மாதம் அரிது. யுத்தத்தால் நைந்த குடும்பங்களிலே, தந்தை இழந்த வீடுகளிலே, பிள்ளைகளைக் காப்பது தாய்மாரின் தனிப்பாரமாகிவிட்டது. மகனுடைய சட்டைப் பையில் ஐஸ் பொதியொன்றைக் காணும் ஒரு தாய் யாரிடம் போவாள்? பொலிஸாரிடம் போனால் மகன் மறியலுக்குப் போவான். அங்கே பெரிய வியாபாரிகளோடு சிநேகமாகித் திரும்புவான். அயலாரிடம் சொன்னால் மகளின் கலியாணப் பேச்சுத் தடைப்படும். ஆகவே அவள் வாயை மூடிக்கொள்கிறாள். அம்மௌனத்தின் நிழலிலேதான் நோய் முற்றுகின்றது. தண்டனையின் கடுமை வியாபாரியை அச்சுறுத்துகிறதோ இல்லையோ, இத்தாயை நிச்சயமாக அச்சுறுத்துகிறது.

முடிவாக

கடையைத் திறந்து விற்பதா, கயிற்றில் ஏற்றித் தூக்குவதா என்னும் இரண்டு முனைகளில் நின்று வாதிடுவோர், இடையிலுள்ள பரந்த நிலத்தைக் காணத் தவறுகின்றனர். போர்த்துக்கல் காட்டியது அவ்விடைநிலமே. அது போதைப்பொருளைச் சட்டபூர்வமாக்கவில்லை; விற்பவனை மன்னிக்கவும் இல்லை. அடிமைப்பட்டவனைச் சிறையிலிருந்து மீட்டு வைத்தியரிடம் ஒப்படைத்தது; அவ்வைத்தியருக்கு வேண்டிய பணத்தையும் கொடுத்தது. பணம் குறைந்தபோது பலனும் குறைந்தது. சிகிச்சையைத் திடமாக அமைக்காமல் தண்டனையை மாத்திரம் நீக்கிய ஒரிகன் மூன்றரை ஆண்டுகளில் திரும்பி நடந்தது.

ஆகவே, நமது நாட்டிற் சட்டத்தைத் தளர்த்த வேண்டும் என்போர் முதலில் விடை கூற வேண்டிய கேள்வி ஒன்று உண்டு: அடிமைப்பட்டவன் நாளைக்கே குணமாக விரும்பி வந்தால், அவனை ஏற்க மாவட்டந்தோறும் தமிழிலும் சிங்களத்திலும் பேசவல்ல வைத்தியரும் படுக்கையும் உண்டா? சட்டத்தைக் கடுமையாக்க வேண்டும் என்போரும் ஒன்றுக்கு விடை கூற வேண்டும்: நாற்பதாண்டாக ஏட்டில் நிற்கும் மரண தண்டனை எத்தனை படகுகளைத் திருப்பியனுப்பிற்று? இரண்டு கேள்விக்கும் நேர்மையான விடை தேடுவோர் ஈற்றில் ஒரே இடத்தில் வந்து சந்திப்பர் என்பதே எம் நம்பிக்கை. கஞ்சாவுக்குக் கடை திறப்பதா என்பதைப் பின்னர் ஆறுதலாக விவாதிக்கலாம். சிகிச்சை நிலையத்தின் கதவைத் திறப்பதற்கு எவருடைய விவாதமும் முடியும் வரை காத்திருக்க வேண்டியதில்லை.

பெற்றோருக்கு ஒரு வார்த்தை. பிள்ளையின் உறக்கம் மாறுகிறதா, பழைய நண்பர்கள் விலகுகின்றனரா, வீட்டிற் பணமோ பண்டமோ காணாமற் போகிறதா என்பதைக் கவனியுங்கள். கண்டால் அடிக்கவும் வேண்டாம், மறைக்கவும் வேண்டாம். காய்ச்சல் கண்ட பிள்ளையை எவ்வாறு வைத்தியரிடம் அழைத்துச் செல்வீர்களோ, அவ்வாறே இதற்கும் அழைத்துச் செல்லுங்கள். காய்ச்சலுக்கு எவரும் வெட்கப்படுவதில்லை. மாணவர்களுக்கும் ஒரு வார்த்தை. முதல் முறை நீட்டப்படும் பொதிக்குப் பணம் கேட்பதில்லை. இரண்டாம் முறை முதல் அதன் விலையைச் செலுத்துவது உங்கள் குடும்பம் முழுவதும் என்பதை நினைவிற் கொள்ளுங்கள்.